யுஎஸ்பி ஆடியோ டாங்கிள் சுடுகிறதா? ஹீட்சிங்க் வாங்கும் முன் பார்க்க வேண்டியவை

லேப்டாப்பில் ஹெட்போன் ஜாக் பழுதானால், அல்லது போனில் ஜாக்கே இல்லாவிட்டால், நாம் வாங்கிச் செருகுவது கட்டைவிரல் அளவுள்ள ஒரு யுஎஸ்பி ஆடியோ டாங்கிள். அரை மணி நேரம் பாட்டு ஓடிய பிறகு கழற்றினால் கைக்குச் சூடு தெரியும். உடனே பலரும் செய்வது, நான்கு சின்ன அலுமினிய ஹீட்சிங்க் (சூட்டைக் காற்றில் பரப்பும் இறக்கை வைத்த உலோகத் துண்டு) உள்ள பாக்கெட் ஒன்றை வாங்கி, டாங்கிளின் வெளி ஓட்டைத் திறந்து, சிப்பின் தலையில் ஒன்றை ஒட்டிவிடுவது. பெரும்பாலும் அது வீண் வேலை. சூடு எங்கே பிறக்கிறது, எவ்வளவு பிறக்கிறது, எந்த வழியாக வெளியேறுகிறது என்று பார்த்துவிட்டால், பாதிப் பேருக்கு ஹீட்சிங்க் தேவைப்படாது. மீதிப் பேருக்கும் அதைவிட நல்ல வழி இருக்கிறது.

உள்ளே இருப்பது என்ன

டாங்கிளின் உள்ளே முக்கியமான சிப் ஒன்றுதான். மலிவான மாடல்களில் பெரும்பாலும் சி-மீடியா நிறுவனத்தின் சிஎம்108 அல்லது அதன் நகல்கள் இருக்கும். 7 மி.மீ. சதுரம், நான்கு பக்கமும் சேர்த்து 48 கால்கள். கொஞ்சம் விலை கூடியவற்றிலும், வீட்டிலேயே செய்பவர்களின் போர்டுகளிலும் டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸின் பிசிஎம்2704, பிசிஎம்2902 போன்றவை இருக்கும். இவற்றுக்கு இரண்டு பக்கமும் சேர்த்து 28 கால்கள். 2704 ஒலியை வெளியே மட்டும் தரும். 2902 மைக்கையும் உள்வாங்கும். மிக மலிவானவற்றில் சிப்பே கண்ணுக்குத் தெரியாது, போர்டின் மேல் ஒரு கறுப்புப் பசை உருண்டைதான் இருக்கும். சிலிக்கான் துண்டை நேரடியாகப் போர்டில் ஒட்டி, மேலே பசை ஊற்றி மூடியிருப்பார்கள்.

சிப்புக்குப் பக்கத்தில் கடிகாரத் துடிப்பு தரும் 12 மெகாஹெர்ட்ஸ் கிரிஸ்டல், சில கெப்பாசிட்டர்கள், சிலவற்றில் மூன்று கால் ரெகுலேட்டர் ஒன்று. யுஎஸ்பியில் வருவது 5 வோல்ட். சிப்பின் உள்வேலைக்கு வேண்டியது பெரும்பாலும் 3.3 வோல்ட். நடுவிலுள்ள 1.7 வோல்ட்டை யாராவது விழுங்க வேண்டும். அந்த வேலையைச் செய்வது ரெகுலேட்டர். அது தனிப் பாகமாகவும் இருக்கலாம், சிஎம்108-லும் பிசிஎம்2704-லும் உள்ளதுபோல் சிப்புக்குள்ளேயே அடங்கியும் இருக்கலாம். லீனியர் வகை ரெகுலேட்டர் விழுங்கிய வோல்ட்டைச் சூடாகத்தான் துப்பும். வேறு வழி அதற்குத் தெரியாது.

கணக்கு எளிது. வோல்ட்டை ஆம்பியரால் பெருக்கினால் வாட். பிசிஎம்2902 வேலை செய்யும்போது இழுக்கும் மின்னோட்டம் சுமார் 56 மில்லி ஆம்பியர் என்கிறது அதன் டேட்டாஷீட் (தயாரிப்பாளர் தரும் விவரத் தாள்). 5 வோல்ட்டால் பெருக்கினால் 280 மில்லிவாட். ஹெட்போனைச் சத்தமாகக் கேட்கச் சில மில்லிவாட்டே போதும். அதனால் டாங்கிள் வாங்கும் மின்சாரத்தில் கிட்டத்தட்ட முழுவதும் அங்கேயே சூடாக மாறுகிறது.

வால்யூமைக் குறைத்தால் ஆறும் என்று சொல்வார்கள். நல்ல நிலையில் உள்ள டாங்கிளில் அது பெரிய வித்தியாசம் செய்யாது. பாட்டே ஓடாவிட்டாலும் சிப்பின் கடிகாரச் சுற்று, டிஜிட்டல் பகுதி, ஒலிப் பகுதியின் அடிப்படை மின்னோட்டம் எல்லாம் ஓடிக்கொண்டேதான் இருக்கும். கம்ப்யூட்டர் அதை உறங்கச் சொன்னால்தான் மின்னோட்டம் சட்டென இறங்கும். மாறாக, வால்யூமைக் கூட்டும்போது சூடு வெளிப்படையாக ஏறினால் அதுவே ஒரு துப்பு. ஜாக்கின் மறுமுனையில் ஏதோ சரியில்லை.

எவ்வளவு சூடு என்பது இயல்பு

சிப் எத்தனை டிகிரி ஏறும் என்பதற்கு டேட்டாஷீட்டில் ஓர் எண் இருக்கும்: ஒரு வாட்டுக்கு இத்தனை டிகிரி. 28 கால் உறையில் வரும் பிசிஎம்2902-க்கு அது சுமார் 100. எனவே 0.28 வாட்டுக்கு 28 டிகிரி ஏற்றம். அறை 34 டிகிரி என்றால் சிப்பின் உட்பகுதி 62 டிகிரி. ஆனால் இது திறந்த போர்டில் எடுக்கும் கணக்கு. மூடிய பிளாஸ்டிக் ஓட்டுக்குள் இருக்கும் காற்றே அறையைவிடப் பத்து டிகிரி கூடுதலாக இருந்தால், சிப் 72 டிகிரிக்குப் போய்விடும். இந்தச் சிப்பைச் சுற்றியுள்ள காற்று 85 டிகிரி வரை போகலாம் என்று வடிவமைத்திருக்கிறார்கள். ஆகவே 72 என்பது சிப்புக்கு வலிக்காத நிலை. விரலுக்கு வலிக்கும், அவ்வளவுதான்.

விரல் ஓரளவு நல்ல தெர்மாமீட்டர். நாற்பது டிகிரிக்குச் சற்று மேலே வெதுவெதுப்பு. ஐம்பதில் தொட்டுக்கொண்டே இருக்க மனம் வராது. உலோகம் அறுபதைத் தொட்டால் சில விநாடிகளில் கை தானாக விலகும். ஓட்டுக்கு வெளியே வெதுவெதுப்பு என்றால் விட்டுவிடுங்கள். ஓட்டின் வெளிப்புறமே விரலை விரட்டுகிறது என்றால் உள்ளே பார்க்க வேண்டிய நேரம்.

கோளாறுக்கு வேறு அடையாளங்களும் உண்டு. பத்துப் பதினைந்து நிமிடம் நன்றாக ஓடி, ஒலி அறுந்து, கம்ப்யூட்டரில் யுஎஸ்பி கழன்று சேரும் ஓசை கேட்டு, மீண்டும் தானாக வேலை செய்வது அவற்றில் முக்கியமானது. ரெகுலேட்டர் எல்லை மீறிச் சூடானால் தன்னைத் தானே அணைத்துக்கொள்ளும். ஆறியதும் திரும்ப எழும். ஆனால் இதே அறிகுறி தளர்ந்த யுஎஸ்பி போர்ட்டாலும் வரும், டிரைவர் கோளாறாலும் வரும். பிரித்தறிய டேபிள் ஃபேன் போதும். ஓட்டைத் திறந்து, ஃபேன் காற்றில் டாங்கிளை ஓடவிடுங்கள். பத்து நிமிடத்தில் அறுந்த ஒலி இப்போது ஒரு மணி நேரம் அறுபடாவிட்டால் குற்றவாளி சூடுதான். ஃபேன் இருந்தும் அதே பத்து நிமிடத்தில் அறுந்தால் சூட்டைத் துரத்துவதை நிறுத்திவிட்டுக் கேபிளையும் போர்ட்டையும் பாருங்கள்.

முதலில் மின்னோட்டத்தை அளங்கள்

இந்த வேலைக்கு வாங்கத் தகுந்த ஒரே கருவி யுஎஸ்பி மீட்டர். போர்ட்டுக்கும் டாங்கிளுக்கும் நடுவில் செருகினால் வோல்ட்டையும் ஆம்பியரையும் காட்டும். மூன்று முறை அளவெடுங்கள்: ஜாக்கில் எதுவும் இல்லாமல், ஹெட்போன் செருகி ஒலி இல்லாமல், ஹெட்போனில் பாட்டு ஓடும்போது. சாதாரண டாங்கிள் 30-லிருந்து 100 மில்லி ஆம்பியருக்குள் இருக்கும். தனி ஆம்ப்ளிஃபயர் சிப் உள்ள உயர்தர வகைகள் 100-ஐத் தாண்டுவதும் உண்டு. ஜாக்கில் எதுவுமே இல்லாதபோது சாதாரண டாங்கிள் 150, 200 என்று இழுத்தால் போர்டிலேயே கோளாறு. ஜாக்கில் செருகியதும் எண் எகிறினால் கோளாறு வெளியே இருக்கிறது. இந்த ஒரு சோதனை பாதிக் குழப்பத்தைத் தீர்த்துவிடும்.

வோல்ட்டையும் கவனியுங்கள். தனி அடாப்டர் உள்ள மலிவான ஹப்கள் சில 5.5 வோல்ட் வரை தருகின்றன. யுஎஸ்பி 2.0-ன் மூல விதி 5.25-ஐத் தாண்டக் கூடாது என்றது, பின்னர் அந்த எல்லை 5.5 ஆக்கப்பட்டது. 5 வோல்ட்டில் ரெகுலேட்டர் விழுங்குவது 1.7. 5.5-ல் அது 2.2. அதாவது அதே பாட்டுக்கு ரெகுலேட்டரில் கிட்டத்தட்ட 30 சதவீதம் கூடுதல் சூடு. ஹப்பை மாற்றினால் வேலை முடிந்தது, டாங்கிளைத் திறக்கவே வேண்டாம்.

ஜாக் பக்கத்துக் கோளாறுகள்

இதில் அதிகம் அகப்படுவது மோனோ பின். மைக்செட் ஆம்ப்ளிஃபயருக்கோ பழைய ஸ்பீக்கருக்கோ ஒலி கொடுக்க, ஒரே ஒரு கறுப்பு வளையம் உள்ள பின்னை ஜாக்கில் செருகிவிடுவார்கள். ஸ்டீரியோ பின்னில் நுனி இடது, நடு வளையம் வலது, அடி தரை (மின்னோட்டம் திரும்பிப் போகும் பொது இணைப்பு). மோனோ பின்னில் நடு வளையம் கிடையாது, அடிப்பகுதி அந்த இடம் வரை நீண்டிருக்கும். செருகியதும் வலது சேனல் நேரடியாகத் தரையோடு ஒட்டிக்கொள்ளும். இடது சேனலில் பாட்டு அழகாகக் கேட்கும், யாருக்கும் சந்தேகம் வராது. வலது சேனலின் ஆம்ப்ளிஃபயரோ ஷார்ட்டுக்குள் சிக்னலைத் தள்ளிக்கொண்டு, தரும் சக்தி முழுவதையும் தன் உடம்பிலேயே சூடாக்கிக்கொண்டிருக்கும். வால்யூமோடு சேர்ந்து சூடும் ஏறுவது இதனால்தான்.

தீர்வு: ஸ்டீரியோ பின் வாங்கி, இடது கம்பியில் ஒரு 470 ஓம், வலது கம்பியில் ஒரு 470 ஓம் ரெசிஸ்டர் வைத்து, இரண்டின் மறுமுனைகளையும் சேர்த்து மோனோ கேபிளின் உள்கம்பிக்குக் கொடுங்கள். தரையைத் தரையோடு இணையுங்கள். கால் வாட் ரெசிஸ்டர் தாராளம். இடது வலது கம்பிகளை ரெசிஸ்டர் இல்லாமல் நேரடியாக முறுக்கிச் சேர்ப்பதும் தவறுதான். அப்படிச் செய்தால் இரண்டு ஆம்ப்ளிஃபயர்களும் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு இரண்டுமே சூடாகும்.

அடுத்தது சுமை. ஹெட்போன்கள் பெரும்பாலும் 16 அல்லது 32 ஓம். 3.3 வோல்ட்டில் ஓடும் சாதாரண ஹெட்போன் ஆம்ப்ளிஃபயர், மிக அதிகம் சூடாகும் ஒலி அளவில், 32 ஓமுக்கு ஒரு சேனலில் சுமார் 17 மில்லிவாட்டைச் சூடாக்கும். 16 ஓமுக்கு அது 34. இரண்டு சேனலும் சேர்ந்து 70-க்குள் அடங்கும், பெரிய விஷயம் இல்லை. ஆனால் பவர் இல்லாத 4 ஓம் ஸ்பீக்கரை நேரடியாக இணைத்தால், சிப் தாங்கும் மின்னோட்டத்தைப் பல மடங்கு மீறிக் கேட்கும். ஒலியும் கரகரக்கும், சிப்பும் கொதிக்கும். ஸ்பீக்கருக்கு நடுவில் ஆம்ப்ளிஃபயர் வேண்டும். இதற்குக் குறுக்கு வழி இல்லை.

மைக் பக்கத்தில் ஷார்ட் ஆனால் என்ன ஆகும் என்ற பயமும் பலருக்கு இருக்கிறது. மைக்குக்கு மின்சாரம் வழக்கமாக 2.2 கிலோ ஓம் அளவிலான ரெசிஸ்டர் வழியாகத்தான் போகிறது. 5 வோல்ட் முழுவதும் அதன் மேல் விழுந்தாலும் 2.3 மில்லி ஆம்பியர். மைக் ஒயர் ஷார்ட் ஆனால் மைக் வேலை செய்யாது, டாங்கிள் சுடாது.

மூன்றாவது கோளாறு நுட்பமானது. சில டாங்கிள்களில் ஜாக்கின் தரைப் பகுதி உண்மையான தரை அல்ல. பெரிய கெப்பாசிட்டர்களை மிச்சப்படுத்த, சிப்பே பாதி வோல்ட்டை உருவாக்கி அதைப் பொதுத் தரைபோல் ஹெட்போனுக்குக் கொடுக்கும். ஹெட்போன் எதனோடும் ஒட்டாமல் காதில் தொங்குவதால் எந்தப் பிரச்சினையும் இல்லை. ஆனால் அதே ஜாக்கிலிருந்து எர்த் இணைப்புள்ள ஆம்ப்ளிஃபயருக்குக் கேபிள் போட்டால், அந்தப் பாதி வோல்ட் ஆம்ப்ளிஃபயரின் தரை வழியாகச் சுற்றிக் கம்ப்யூட்டரின் தரையில் போய் ஷார்ட் ஆகும். பாட்டு நின்றிருக்கும்போதும் சூடு ஏறிக்கொண்டே இருக்கும்.

சோதிக்க ஒரு நிமிடம் போதும். டாங்கிளைக் கம்ப்யூட்டரில் செருகி, மல்டிமீட்டரை டிசி வோல்ட்டில் வைத்து, ஒரு முனையை யுஎஸ்பியின் உலோக உறையிலும் மறுமுனையை ஜாக்கில் செருகிய பின்னின் அடிப்பகுதியிலும் வையுங்கள். பூஜ்யம் என்றால் உண்மைத் தரை. ஒன்றரையிலிருந்து இரண்டரை வோல்ட் காட்டினால் போலித் தரை. அப்படிப்பட்ட டாங்கிளை ஆம்ப்ளிஃபயரோடு இணைக்க வேண்டுமென்றால், சேனலுக்கு ஒன்றாக இரண்டு 600 ஓம் ஆடியோ டிரான்ஸ்ஃபார்மர்கள் நடுவில் வேண்டும். அவை ஒன்றாகப் பொதிந்து, தரை இரைச்சலைத் தடுக்கும் பெட்டியாகக் கடைகளில் கிடைக்கும்.

மீட்டர் கையில் இருக்கும்போதே, ஒலியை நிறுத்திவிட்டு, பின்னின் நுனிக்கும் அடிக்கும் நடுவிலும், வளையத்துக்கும் அடிக்கும் நடுவிலும் அளந்துவிடுங்கள். சில மில்லிவோல்ட் இருந்தால் சரி. நூற்றுக்கணக்கில் காட்டினால், வழியிலுள்ள கெப்பாசிட்டர் கசிகிறது அல்லது சிப்பின் வெளியீடு அடிபட்டிருக்கிறது. அந்த டிசி ஹெட்போனின் மெல்லிய சுருளையும் சுடவைக்கும். ஆகவே நல்ல ஹெட்போனை அதில் மாட்டாதீர்கள்.

போர்டில் உள்ள கோளாறு

ஜாக் காலியாக இருக்கும்போதே மின்னோட்டம் அதிகம் என்றால், டாங்கிளைக் கழற்றிவிட்டு 5 வோல்ட்டுக்கும் தரைக்கும் நடுவில் ஓம் அளவெடுங்கள். யுஎஸ்பி பிளக்கின் நான்கு பட்டைகளில் ஓரத்து இரண்டும் சற்று நீளமாக இருக்கும். அவைதான் 5 வோல்ட்டும் தரையும். நல்ல போர்டில் எண் கீழே தொடங்கி, கெப்பாசிட்டர் நிரம்ப நிரம்பச் சில ஆயிரம் ஓம்களுக்கு ஏறும். முனைகளை மாற்றிப் பிடித்தால் வேறு எண் வரும், அது இயல்பு. 50 ஓமிலேயே நின்றுவிட்டால், 5 வோல்ட்டில் 100 மில்லி ஆம்பியர் சும்மா கசிகிறது என்று பொருள்.

இந்தக் கசிவுக்கு முதல் சந்தேகம் சிப் மீதல்ல, யுஎஸ்பி பிளக்கின் அடியிலுள்ள அரிசி அளவு செராமிக் கெப்பாசிட்டர் மீது. டாங்கிள் லேப்டாப்பின் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டிருக்கும், முழங்கை இடிக்கும், பை உரசும். ஒவ்வொரு இடிக்கும் போர்டு கொஞ்சம் வளையும். செராமிக் வளையாது, விரிசல் விடும். விரிசல் விட்ட கெப்பாசிட்டர் மெல்லக் கசியத் தொடங்கி, பிறகு ஷார்ட் ஆகும். விரிசல் பெரும்பாலும் கண்ணுக்குத் தெரியாது.

சூடான இடத்தைக் கண்டுபிடிக்க வெப்பக் கேமரா வேண்டாம். பெஞ்ச் பவர் சப்ளையை 5 வோல்ட்டுக்கும் 150 மில்லி ஆம்பியர் எல்லைக்கும் வைத்து இணையுங்கள். லேப்டாப்பின் போர்ட்டில் ஷார்ட் போர்டைச் செருகிப் பார்ப்பது லேப்டாப்புக்கு நல்லதல்ல. போர்டின் மேல் ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலை மெல்லிய படலமாகத் தடவுங்கள். எந்தப் பாகத்தின் மேல் ஈரம் முதலில் காய்கிறதோ அதுதான் சூடானது. ஆல்கஹால் தீப்பிடிக்கும், பக்கத்தில் சால்டரிங் அயர்ன் இருக்கக் கூடாது.

முதலில் காய்ந்தது கெப்பாசிட்டர் என்றால் அதிர்ஷ்டம். ஃபிளக்ஸ் (சால்டர் உருகி ஓட உதவும் பசை) தடவி, 330 டிகிரி அளவில் வைத்த அயர்னால் இரு முனைகளையும் மாறி மாறித் தொட்டால் சில விநாடிகளில் நகர்ந்து வரும். எடுத்ததும் மீண்டும் ஓம் அளவெடுங்கள். எண் ஆயிரங்களுக்கு ஏறிவிட்டால் குற்றவாளி கையில் இருக்கிறது. மாற்றாக 10 வோல்ட் அல்லது அதற்கு மேல் தாங்கும் எக்ஸ்5ஆர் அல்லது எக்ஸ்7ஆர் என்ற செராமிக் வகையில் அதே அளவைப் போடுங்கள். 5 வோல்ட் வரியில் 10 மைக்ரோஃபாரடுக்கு மேல் போக வேண்டாம். செருகும் கணத்தில் போர்ட்டிலிருந்து பாயும் மின்னோட்டத்தைக் கட்டுப்படுத்த யுஎஸ்பி விதியே அந்த எல்லையை வைத்திருக்கிறது.

முதலில் காய்ந்தது மூன்று கால் ரெகுலேட்டர் என்றால் அவசரப்பட்டு அதைப் பழிக்காதீர்கள். எறும்பு அளவு எஸ்ஓடி-23 உறையில் வரும் 3.3 வோல்ட் ரெகுலேட்டர்கள் பலவற்றில் 200 மில்லி ஆம்பியர் என்று போட்டிருக்கும். ஆனால் அந்த உறை தாங்கும் சூடு 250 மில்லிவாட் அளவுதான். 1.7 வோல்ட் விழுங்கும்போது 250-ஐ வகுத்தால் வருவது 147 மில்லி ஆம்பியர். அதுவும் 25 டிகிரி அறையில். ஓட்டுக்குள் 50 டிகிரி இருந்தால் இன்னும் குறையும். எனவே டாங்கிள் இயல்பாகவே 120 மில்லி ஆம்பியர் இழுக்கும் வகை என்றால், வடிவமைத்தவர் கஞ்சத்தனம் செய்திருக்கிறார், பெரிய உறை வேண்டும். இயல்பு 50 என்று இருக்க ரெகுலேட்டர் சுடுகிறது என்றால், அதற்குப் பின்னால் யாரோ கூடுதலாக இழுக்கிறார்கள். ரெகுலேட்டரின் வெளியீட்டுக்கும் தரைக்கும் நடுவில் ஓம் பார்த்தால் தெரிந்துவிடும்.

பெரிய உறையில் ஏஎம்எஸ்1117-3.3 எங்கும் கிடைக்கும். 60 மில்லி ஆம்பியர் சுமைக்கு அது சூடாக்குவது, தன் சொந்தச் செலவையும் சேர்த்து, சுமார் 0.13 வாட். போர்டில் சிறிய செம்பில் ஒட்டியிருந்தாலும் பன்னிரண்டு டிகிரி அளவுதான் ஏறும். அதன் அகலமான நாக்கு தரை அல்ல, வெளியீடு. நாக்கைத் தரைச் செம்பில் ஒட்டிச் சால்டர் செய்து புதிய ஷார்ட்டை உண்டாக்குபவர்கள் ஏராளம். இடம் இருந்தால் நாக்கின் கீழே தனிச் செம்புத் துண்டு கொடுங்கள், அது இறக்கை போல் சூட்டைப் பரப்பும்.

முதலில் காய்ந்தது முதன்மைச் சிப்பே என்றால், வெளியே எந்தக் கோளாறும் இல்லை என்றும் உறுதியாகிவிட்டால், சிப் உள்ளே அடிபட்டிருக்கிறது. குளிர்கால உடைகளிலிருந்தோ நீண்ட கேபிளிலிருந்தோ வரும் நிலைமின்சாரம் அதைச் செய்திருக்கலாம். 48 கால் சிப்பில் கால்களுக்கு நடுவே அரை மி.மீ. தூரம்தான். தொடக்கநிலையில் உள்ளவர் அதை மாற்ற முயல்வதை நாம் பரிந்துரைப்பதில்லை. பசை உருண்டை என்றால் மாற்றவே முடியாது.

ஒரு பிரபலமான தந்திரம்

5 வோல்ட் வரியில் தொடராக ஒரு ரெசிஸ்டரோ டையோடோ வைத்தால் ரெகுலேட்டரின் சுமை குறையும் என்பார்கள். உண்மைதான், கணக்கைப் பாருங்கள். 60 மில்லி ஆம்பியர் ஓட்டத்தில் 4.7 ஓம் ரெசிஸ்டர் 0.28 வோல்ட்டைத் தின்னும். சிப்பிலிருந்து வெளியே போன சூடு 17 மில்லிவாட். 280-ல் 17. இரண்டு டிகிரிகூடக் குறையாது. 10 ஓமுக்குப் போனால் 0.6 வோல்ட் போகும். போர்ட் 4.75 வோல்ட் தரும் நாளில் சிப்புக்குக் கிடைப்பது 4.15. பிசிஎம்2902 கேட்பதோ குறைந்தது 4.35. சூடு குறைகிறதோ இல்லையோ, டாங்கிள் அடிக்கடி கழன்று சேரும். 5 வோல்ட் வரியின் இரைச்சலை வடிகட்ட இது உதவலாம். சூட்டுக்கு இது மருந்தல்ல.

சூட்டுக்கு வழிவிடுவது

கோளாறு எதுவும் இல்லை, மின்னோட்டமும் இயல்பு, ஆனாலும் சூட்டைக் குறைக்க வேண்டும் என்றால் இப்போதுதான் குளிர்விக்கும் வேலை.

காசில்லாத வழிகளிலிருந்து தொடங்குங்கள். லேப்டாப்பின் போர்ட் பல நேரம் அதன் சூடான காற்று வெளிவரும் துளைக்குப் பக்கத்திலேயே இருக்கும். போர்ட்டின் உலோகம் வழியாகவும் லேப்டாப்பின் சூடு டாங்கிளுக்குள் வரும். 15 செ.மீ. யுஎஸ்பி நீட்டிப்புக் கேபிள் ஒன்று இரண்டையும் துண்டித்துவிடும், முழங்கை இடிப்பதையும் சேர்த்து. டாங்கிளுக்கு மேலே போட்ட சிலிகான் உறை, சுற்றிய ஹீட்-ஷ்ரிங்க் குழாய் ஆகியவற்றைக் கழற்றுங்கள். ஓட்டுக்குள் ஹாட் குளூ ஊற்றி நிரப்பியிருந்தால் அதையும் சுரண்டுங்கள். குளூ சூட்டைக் கடத்தாது, போர்வைபோல் மூடும்.

அடுத்து ஹீட்சிங்க். 9 மி.மீ. சதுரமும் 5 மி.மீ. உயரமும் உள்ள குட்டி ஹீட்சிங்கின் இறக்கைகளை எல்லாம் கூட்டினாலும் பரப்பு நான்கைந்து சதுர செ.மீ.தான். 50 மி.மீ. நீளம், 18 அகலம், 9 தடிமன் உள்ள டாங்கிள் ஓட்டின் வெளிப்பரப்பு 30 சதுர செ.மீ. மூடிய ஓட்டுக்குள் ஹீட்சிங்க் வைத்தால், சிப்பிலிருந்து எடுத்த சூட்டை அதே அடைபட்ட காற்றுக்குத்தான் கொடுக்கும். எனவே சிப்பை ஓட்டோடு பாலம் போட்டு இணைப்பது ஹீட்சிங்கைவிடச் சிறந்தது.

ஓடு உலோகம் என்றால் மிகவும் நல்லது. சிப்புக்கும் ஓட்டுக்கும் நடுவிலுள்ள இடைவெளியை அளக்க, பிள்ளைகள் விளையாடும் களிமண்ணில் ஒரு சிறு உருண்டையை மெல்லிய பிளாஸ்டிக் தாளில் சுற்றி, சிப்பின் மேல் வைத்து, ஓட்டை மூடித் திறங்கள். நசுங்கிய தடிமனை வெர்னியரால் அளங்கள். 1.2 மி.மீ. என்று வந்தால் 1.5 மி.மீ. தெர்மல் பேட் (சூட்டைக் கடத்தும் மென்மையான ரப்பர் போன்ற தாள்) வாங்குங்கள். கொஞ்சம் அழுந்தினால்தான் ஒட்டிப் பிடிக்கும். மிகத் தடிமனான பேட்டைத் திணித்தால் போர்டு வளையும், மேலே சொன்ன கெப்பாசிட்டர் கதை திரும்ப வரும். பேட்டின் தரம் பற்றி அதிகம் கவலைப்பட வேண்டாம். 1 செ.மீ. சதுரமும் 1 மி.மீ. தடிமனும் உள்ள சாதாரண பேட்டிலேயே கால் வாட்டுக்கு இரண்டு மூன்று டிகிரிக்கு மேல் இழப்பு வராது. விலை உயர்ந்த பேட்டும் பேஸ்ட்டும் நூறு வாட் சிப்களுக்கு.

ஓடு பிளாஸ்டிக் என்றால் இன்னொரு படி வேண்டும். பிளாஸ்டிக் சூட்டைப் பக்கவாட்டில் பரப்பாது. சிப்புக்கு மேலே ஒரு புள்ளி மட்டும் சுடும், மீதி ஓடு குளிர்ந்தே இருக்கும். ஓட்டின் உட்புறம் முழுக்க 0.1 மி.மீ. செம்பு டேப் ஒட்டி, அதன் மேல் ஒரு அடுக்கு காப்டன் டேப்பால் (சூடு தாங்கும், மின்சாரம் கடத்தாத டேப்) மூடி, பிறகு தெர்மல் பேடை வையுங்கள். காப்டன் கட்டாயம். செம்பு ஒரு கெப்பாசிட்டரின் முனையைத் தொட்டாலே போதும், சூட்டைக் குறைக்கப் போய் ஷார்ட்டை உண்டாக்கியிருப்பீர்கள். ஓட்டில் துளை போடுவதும் உதவும்: மேலும் கீழும் 2 மி.மீ. துளைகள் நான்கு நான்கு. போர்டை வெளியே எடுத்துவிட்டுத் துளையிடுங்கள்.

சிப்பின் சூட்டில் பெரும்பகுதி அதன் தலை வழியாகப் போவதில்லை, கால்கள் வழியாகப் போர்டின் செம்புக்குப் போகிறது. இது பலருக்குத் தெரியாது. அதனால் சிப்புக்கு நேர் பின்புறம், போர்டின் மறுபக்கத்தில் பாகங்கள் இல்லாமல் தரைச் செம்பு இருந்தால், அங்கே பேட் வைப்பது தலையில் வைப்பதற்கு ஈடான பலன் தரும், சில நேரம் கூடுதலாகவும். இடம் இருந்தால் இரண்டு பக்கமும் வையுங்கள். ஹீட்சிங்க்தான் வைப்பேன் என்பவர்கள் ஓட்டைத் திறந்தே வைத்திருங்கள். தெர்மல் பேஸ்ட் ஒட்டாது, வழுக்கி விழும், ஆகவே இரு பக்கமும் ஒட்டும் வெப்ப டேப் பயன்படுத்துங்கள். கிரிஸ்டலின் உலோக உறையை ஹீட்சிங்க் தொடாமல் பாருங்கள்.

செய்தது பலித்ததா

முன்னும் பின்னும் ஒரே மாதிரி அளக்காவிட்டால் எதுவும் தெரியாது. மல்டிமீட்டரோடு வரும் கே-வகைத் தெர்மோகப்பிள் (சூட்டை அளக்கும் கம்பி) நுனியைச் சிப்பின் மேல் காப்டன் டேப்பால் ஒட்டுங்கள். பேட் வைக்கும்போது நுனி சிப்பின் ஓரத்தில் இருக்கட்டும். 1 கிலோஹெர்ட்ஸ் ஓசையைப் பாதி வால்யூமில் ஓடவிட்டு, ஓட்டை மூடி, அரை மணி நேரம் கழித்து எண்ணைக் குறியுங்கள். அதற்குள் சூடு ஏறி நின்றிருக்கும். அதே நேரத்தில் அறையின் டிகிரியையும் குறியுங்கள். ஒப்பிட வேண்டியது இரண்டின் வித்தியாசத்தைத்தான். காலையில் 29 டிகிரியில் எடுத்த அளவையும் மதியம் 36-ல் எடுத்ததையும் நேரடியாக ஒப்பிட்டால், நல்ல வேலையும் கெட்டதாகத் தெரியும்.

துப்பாக்கி வடிவ இன்ஃப்ராரெட் தெர்மாமீட்டர் இந்த வேலைக்கு அவ்வளவு பொருந்தாது. அது பார்க்கும் வட்டம் சிப்பைவிடப் பெரியது, பளபளக்கும் உலோகத்தில் பொய்யும் சொல்லும். அதுதான் கையில் இருக்கிறது என்றால், ஓட்டின் வெளியே ஒரு துண்டு கறுப்பு இன்சுலேஷன் டேப் ஒட்டி, கிட்ட வைத்து அந்த டேப்பை அளங்கள். பேட் வைத்த பிறகு சிப்பின் டிகிரி இறங்கி, ஓட்டின் வெளிப்புறம் முன்பைவிடக் கொஞ்சம் கூடுதலாகச் சுடும். பயந்து பேட்டைக் கழற்றிவிடாதீர்கள். உள்ளே அடைபட்டிருந்த சூடு இப்போது வெளியே வருகிறது.